கூப்பிட்டவருக்கு என்ன கேட்டது?

கும்பகோணத்தில் செல்போன் பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறேன் என்பது இந்தப் பக்கத்தைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்குத் தெரியும். இந்த முறை வந்த கடிதங்களைப் பிரித்தால் ஏறக்குறைய எல்லாமே ஒரே புலம்பல்: போன் அடிப்பதில்லை. கடைக்கு வருகிறவர்களும் அப்படித்தான், போனை மேஜையில் வைத்துவிட்டு "ரிங் வரலை" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். நான் திருப்பிக் கேட்கும் முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான். கூப்பிட்டவருக்கு அந்தப் பக்கம் என்ன கேட்டது? மணி போனதா, ஸ்விட்ச் ஆஃப் என்று வந்ததா, எடுத்த எடுப்பிலேயே கட் ஆனதா? இது தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. தெரியாமல் செட்டிங்ஸுக்குள் இறங்கினால் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்ட கதைதான்.

கேள்வி: ஜனவரியில் தியாகராஜ ஆராதனைக்குப் போயிருந்தேன். பஞ்சரத்தினம் பாடும் நேரத்தில் என் போன் அலறியதும் பக்கத்தில் இருந்த மாமி பார்த்த பார்வை இன்னும் மறக்கவில்லை. பேத்தியிடம் கொடுத்து வாயை அடைக்கச் சொன்னேன். அன்று அடைத்ததுதான், இன்றுவரை திறக்கவில்லை. பக்கவாட்டுப் பட்டனை அழுத்திச் சத்தத்தை முழுக்கக் கூட்டிவிட்டேன், யூடியூப் கச்சேரி வீடு அதிரக் கேட்கிறது. போன் வந்தால் மட்டும் ஊமை. ஸ்பீக்கர் போய்விட்டதா?
– வாசகி, திருவையாறு

பதில்: கச்சேரி கேட்கிறது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள் அம்மா, அப்புறம் ஸ்பீக்கருக்கு என்ன குறை? போனுக்குள் சத்தம் என்பது ஒன்று அல்ல. ஒரே வாய்க்காலில் தனித்தனி மடை வைத்த மாதிரி பாட்டுக்கும் வீடியோவுக்கும் ஒன்று, மணிக்கு ஒன்று, அலாரத்துக்கு ஒன்று, பேசும்போது காதில் விழும் குரலுக்கு ஒன்று. முன்பெல்லாம் பக்கத்துப் பட்டனை அழுத்தினால் மணிச் சத்தம்தான் ஏறி இறங்கும். 2018-ல் வந்த ஆண்ட்ராய்டு 9-லிருந்து அந்தப் பட்டன் சாதாரண நேரத்தில் திறப்பது பாட்டு மடையைத்தான். நீங்கள் அழுத்த அழுத்தக் கச்சேரி ஏறியிருக்கிறது, மணி இருந்த இடத்திலேயே இருந்திருக்கிறது. பட்டனை ஒருமுறை அழுத்துங்கள், திரையின் ஓரத்தில் ஒரு பட்டை வரும், அதன் மேலேயோ கீழேயோ மூன்று புள்ளி அல்லது சின்னக் குறி ஒன்று இருக்கும், அதைத் தொட்டால் எல்லாப் பட்டைகளும் வரிசையாக வரும். மணிக்கான பட்டையை மேலே தள்ளுங்கள்.

தள்ள முடியவில்லை, அல்லது தள்ளியும் அடிக்கவில்லை என்றால் பேத்தி செய்த வேலை வேறு. திரையை மேலிருந்து கீழே இழுத்துப் பாருங்கள், வட்டத்துக்குள் ஒரு சின்னக் கோடு, சில போன்களில் பிறை நிலா, அப்படி ஏதாவது ஒளிர்கிறதா? அதுதான் ‘டூ நாட் டிஸ்டர்ப்’, தொந்தரவு செய்யாதே என்று மணியை அடக்கி வைக்கும் வசதி. சைலண்டை எல்லாருக்கும் தெரியும், இதைப் பலருக்குத் தெரியாது, தெரியாமலே விரல் பட்டு ஆன் ஆகிவிடும். இதில் இன்னொரு விளையாட்டு உண்டு. சில போன்களில், ஒருவரே கால் மணி நேரத்துக்குள் இரண்டாம் தடவை கூப்பிட்டால் மட்டும் மணி அடிக்க விடும், அவசரமாக இருக்கும் என்ற எண்ணத்தில். "ஒரு தடவை போட்டா வர்றதில்ல, ரெண்டாவது தடவை போட்டா வருது, பேய் பிடிச்சிருக்கு" என்று ஒருவர் என் கடையில் போனை விற்கவே வந்துவிட்டார். பேயும் இல்லை, பிசாசும் இல்லை, இந்த நிலாதான்.

அணைத்த பிறகு அதற்குள்ளேயே ‘ஷெட்யூல்’ என்று இருக்கும் இடத்தையும் பார்த்துவிடுங்கள். இரவு 10 மணியிலிருந்து காலை 7 மணிவரை தானாக ஆன் ஆகும்படி போட்டு வைத்திருந்தால் இன்று அணைத்தாலும் நாளை திரும்ப வந்து நிற்கும்.

ஸ்பீக்கர் மேல் இன்னும் சந்தேகம் இருந்தால் இரண்டு நிமிடம் தள்ளி ஓர் அலாரம் வையுங்கள். சைலண்டில் கிடக்கும் போனிலும் அலாரம் அடிக்கும். அது அடித்தால் ஸ்பீக்கரை மாற்ற வேண்டும் என்று எவர் சொன்னாலும், நானே சொன்னாலும், காசு கொடுக்காதீர்கள்.

கேள்வி: அறுத்த நெல்லைக் கொள்முதல் நிலையத்தில் கொட்டிவிட்டுப் படுதா போட்டுக் காத்திருந்தேன். எடை போடும் முறை வந்ததும் கூப்பிட்டார்களாம், எனக்கு ரிங்கே வரவில்லை, அடுத்த ஆள் நெல்லை ஏற்றிவிட்டார்கள். ஒரு மணி நேரம் கழித்து இந்த நம்பரிலிருந்து அழைப்பு வந்தது என்று மெசேஜ் மட்டும் வந்தது. சத்தமெல்லாம் முழுசாகத்தான் வைத்திருக்கிறேன். இரண்டு சிம், ஒன்று புதிது.
– வாசகர், மன்னார்குடி வட்டம்

பதில்: ஐயா, வயிற்றெரிச்சல் புரிகிறது. மழை மேகம் பார்த்துக்கொண்டு களத்தில் நிற்கிறவருக்கு ஓர் அழைப்பு எவ்வளவு என்று தெரியாதா?

உங்கள் கடிதத்தில் முக்கியமான வார்த்தை ‘மெசேஜ்’. போனின் அழைப்புப் பட்டியலில் சிவப்பு எழுத்தில் மிஸ்டு கால் இருந்தால், அழைப்பு உங்கள் கைவரை வந்திருக்கிறது, சத்தம்தான் வரவில்லை, மேலே அந்த அம்மாவுக்குச் சொன்னதைப் பாருங்கள். பட்டியலில் ஒன்றும் இல்லாமல், சிம் கம்பெனியிலிருந்து மட்டும் இன்னார் கூப்பிட்டார் என்று மெசேஜ் வந்தால், அழைப்பு உங்கள் போனைத் தொடவே இல்லை. கூப்பிட்டவருக்குத் தொடர்பு எல்லைக்கு வெளியே என்றோ ஸ்விட்ச் ஆஃப் என்றோதான் கேட்டிருக்கும், விசாரித்துப் பாருங்கள். அப்படியானால் மணிச் சத்தத்தை நோண்டி ஒரு பிரயோசனமும் இல்லை, இது டவர் சங்கதி.

இரண்டு சிம் என்கிறீர்கள். சிம் இரண்டு இருந்தாலும் பெரும்பாலான போன்களில் பேச்சுக்கு உள்ளே இருக்கும் ரேடியோ ஒன்றுதான். ஒரு சிம்மில் பேசிக்கொண்டிருந்தால் அந்த நேரம் மற்ற சிம் செத்த மாதிரி. லாரிக்காரரிடம் ஒன்றாம் சிம்மில் இருபது நிமிடம் பேசியிருந்தீர்கள் என்றால், இரண்டாம் சிம்முக்குப் போட்டவருக்கு ஸ்விட்ச் ஆஃப் என்றுதான் வந்திருக்கும். கொள்முதல் நிலையத்தில் எந்த நம்பரைக் கொடுத்தீர்களோ அந்த நம்பரிலேயே பேசுங்கள், அதில் ‘கால் வெயிட்டிங்’ ஆன் செய்து வையுங்கள், இன்னொருவர் பேச்சுக்கு நடுவே கூப்பிட்டால் டொக் டொக் என்று காதில் கேட்கும்.

அடுத்தது அந்தப் புது சிம். எந்தக் கம்பெனி என்று எழுதவில்லை. ஜியோ என்றால் ஒன்று தெரிந்துகொள்ள வேண்டும், அது 2016-ல் வந்ததே 4ஜியோடுதான், அதற்கு 2ஜியும் 3ஜியும் கிடையாது. பேச்சும் ‘வோல்ட்டி’ என்கிற 4ஜி வழியில்தான் போகும். சார்ஜ் நிற்கட்டும் என்று யாராவது நெட்வொர்க்கை 2ஜிக்கோ 3ஜிக்கோ மாற்றி வைத்திருந்தால் அந்த சிம்முக்கு ஓர் அழைப்பும் வராது. செட்டிங்ஸில் சிம் என்கிற இடத்துக்குள் போய், நெட்வொர்க் வகையில் 4ஜியோ 5ஜியோ இருக்கும் முதல் வரியைத் தேர்ந்தெடுத்து, வோல்ட்டி என்று தனியாக ஒரு பொத்தான் இருந்தால் அதையும் ஆன் செய்யுங்கள்.

இதெல்லாம் சரியாக இருந்தும் வராவிட்டால், ஃபிளைட் மோடைப் போட்டு ஒரு பத்து எண்ணிவிட்டு எடுங்கள், போன் டவரோடு புதிதாகக் கைகுலுக்கும். வயல் நடுவில் ஒரு கோடும் அரைக் கோடுமாக டவர் இருக்கும் இடங்களில் போன் மேலே கோடு காட்டிக்கொண்டே உள்ளே துண்டித்துக் கிடப்பது சாதாரணம். அப்படியும் இல்லையா, சிம்மைக் கழற்றி மகன் போனில் போட்டு அதே இடத்தில் நின்று பாருங்கள். அங்கே வந்தால் உங்கள் போனில் கோளாறு, அங்கும் வராவிட்டால் சிம்மிலோ டவரிலோ கோளாறு. டவர் என்றால் நானும் ஒன்றும் செய்ய முடியாது. கஜா புயல் அடித்த 2018 நவம்பரில் வேதாரண்யம் பக்கத்திலிருந்து நல்ல போன்களைத் தூக்கிக்கொண்டு ரிப்பேருக்கு வந்தவர்களிடம் இதைத்தான் சொல்லி அனுப்பினேன்.

கேள்வி: மகன் சிங்கப்பூரில். தினமும் வாட்ஸ்அப்பில் கூப்பிடுவான். சாதாரண அழைப்பு வந்தால் அடிக்கிறது, அவன் கூப்பிட்டால் மட்டும் அடிப்பதில்லை. நான் போனைக் கையில் எடுத்துத் திறந்ததும் ஐந்தாறு மிஸ்டு கால் வரிசையாக வந்து விழுகிறது.
– வாசகி, பட்டுக்கோட்டை

பதில்: சாதாரண அழைப்பு டவர் வழியாக வருகிறது. வாட்ஸ்அப் அழைப்பு நெட் வழியாக வருகிறது. அதை வாங்கி மணி அடிக்க வாட்ஸ்அப் விழித்திருக்க வேண்டும், அல்லது தட்டினால் எழுந்திருக்கவாவது வேண்டும். பாட்டரியைச் சேமிக்கிறேன் பேர்வழி என்று போன் அதைத் தூங்க வைத்துவிடுகிறது. நீங்கள் போனைத் திறந்ததும் அது எழுந்து, வந்ததையெல்லாம் ஒரே மூச்சில் ஒப்பிக்கிறது.

வாட்ஸ்அப் படத்தை அழுத்திப் பிடியுங்கள், ‘ஆப் இன்ஃபோ’ அல்லது ஒரு ‘ஐ’ குறி வரும். உள்ளே பாட்டரி என்கிற இடத்தில் கட்டுப்பாடு இல்லை என்று பொருள்படும் ‘அன்ரெஸ்ட்ரிக்டட்’ வரியைத் தேர்ந்தெடுங்கள். ஷாவ்மி, விவோ, ஓப்போ போன்களில் ‘ஆட்டோஸ்டார்ட்’ என்று ஒன்று தனியாக இருக்கும், அதையும் அனுமதியுங்கள். அதே பக்கத்தில் ‘நோட்டிஃபிகேஷன்’ அணைந்திருக்கிறதா பாருங்கள். 2022-ல் வந்த ஆண்ட்ராய்டு 13-லிருந்து புதிதாகப் போடும் ஒவ்வொரு ஆப்பும் அறிவிப்பு காட்டலாமா என்று ஒருமுறை கேட்கும், நாம் பயந்துபோய் வேண்டாம் என்று அழுத்தியிருப்போம்.

அவன் நம்பரை நீங்கள் பெயர் போட்டு வைத்திருக்கிறீர்கள்தானே? அங்கே புது நம்பர் மாற்றி, அது உங்கள் போனில் பதியாமல் இருந்தால், வாட்ஸ்அப்பில் தெரியாதவர் அழைப்பை அடக்கும் வசதி ஆன் ஆகியிருந்தாலும் மணி அடிக்காது. நம்மைவிட அங்கே இரண்டரை மணி நேரம் முன்னால் என்பதால் அவன் வேலைக்குக் கிளம்பும்போது கூப்பிட்டால் இங்கே விடிந்திருக்காது, இரவு ஷெட்யூல் பற்றி மேலே சொன்னது உங்களுக்கும் பொருந்தும்.

கேள்வி: வீட்டுக்காரி போனில் எல்லார் அழைப்பும் அடிக்கிறது, என் அம்மா கூப்பிட்டால் மட்டும் அடிப்பதில்லை. அம்மா நம்பவில்லை. எனக்கு நடுவில் நிற்க முடியவில்லை.
– பெயர் வேண்டாம், தஞ்சாவூர்

பதில்: தம்பி, பிளாக் செய்திருந்தால் மிஸ்டு காலாகக்கூட நேராகத் தெரியாது, உங்கள் அம்மாவுக்கும் பெரும்பாலும் உடனே கட் ஆகிவிடும் அல்லது பிஸி என்று வரும். அம்மாவுக்கு முழுதாக மணி போகிறது, இங்கே திரையில் பேரும் வருகிறது, சத்தம் மட்டும் இல்லை என்றால், அவர் பெயருக்கென்று தனி ரிங்டோன் வைக்கும் இடத்தில் ‘நன்’ என்று இருக்கும், அதாவது ஒன்றுமில்லை. காண்டாக்டைத் திறந்து மூன்று புள்ளியை அழுத்தினால் ரிங்டோன் தெரியும், மாற்றிவிடுங்கள். மெமரி கார்டில் இருந்த பாட்டை வைத்து, பின்பு கார்டைக் கழற்றியதாலும் இப்படி ஆவதுண்டு. அம்மாவிடம் இந்த மெமரி கார்டு காரணத்தைச் சொல்லுங்கள். வேறு காரணம் இருக்கிறதா என்பது என் பக்கத்து வேலை இல்லை.

கேள்வி: ஐபோன், கவர் மாற்றியதிலிருந்து அடிக்கவில்லை.
– கல்லூரி மாணவர், திருவாரூர்

பதில்: இடது ஓரத்தில் மேலே ஒரு சின்னத் தள்ளுபட்டன், தள்ளினால் ஆரஞ்சு நிறம் தெரிந்தால் அது சைலண்ட். கவர் போடும்போது நகர்ந்திருக்கும். உங்களுடையது 15 புரோ என்றால் தள்ளுபட்டன் இருக்காது, அந்த இடத்தில் அழுத்தும் பட்டன், அதை அழுத்திப் பிடித்து மாற்ற வேண்டும்.

கேள்வி: ரைஸ் மில்லில் வேலை. மணி அடிக்கிறது, ஆனால் தொண்டை கட்டியவன் பேசுவது போல இருக்கிறது. போன வாரம் வாய்க்காலில் வேறு விழுந்துவிட்டது, அரிசி டப்பாவில் மூன்று நாள் போட்டு வைத்தேன்.
– வாசகர், நீடாமங்கலம்

பதில்: தவிடும் உமித் தூசும் ஸ்பீக்கர் ஓட்டையில் போய் உட்கார்ந்தால் தொண்டை கட்டத்தான் செய்யும். போனின் அடி விளிம்பில், சார்ஜர் குத்தும் இடத்துக்குப் பக்கத்தில் வரிசையாக இருக்கும் ஓட்டைகள்தான் மணி வரும் வழி. காய்ந்த மெல்லிய டூத் பிரஷ்ஷால், ஓட்டை தரையைப் பார்த்த மாதிரி பிடித்துக்கொண்டு மெதுவாகத் துடையுங்கள். ஊசி, குண்டூசி, ஊக்கு எதுவும் வேண்டாம், உள்ளே இருக்கும் வலை கிழிந்தால் ஸ்பீக்கரையே மாற்ற வேண்டி வரும். வாயால் ஊதவும் வேண்டாம், ஈரம் உள்ளே போகும். மில்லில் இருக்கும்வரை சட்டைப்பையில் தலைகீழாக வைப்பதைத் தவிர்த்தால் தூசு இறங்குவது குறையும்.

அரிசி விஷயம். நெல் விளையும் ஊரில் இருந்துகொண்டு இதைச் சொல்வது கஷ்டம்தான், ஆனாலும் சொல்கிறேன், அரிசியில் போடாதீர்கள். ஆப்பிள் கம்பெனியே தன் உதவிப் பக்கத்தில் நனைந்த ஐபோனை அரிசிப் பையில் வைக்காதீர்கள், அதன் துகள் போனைக் கெடுக்கலாம் என்று எழுதி வைத்திருக்கிறது. சார்ஜர் ஓட்டை கீழே இருக்கும்படி பிடித்து உள்ளங்கையில் மெல்லத் தட்டித் தண்ணீரை வடித்துவிட்டு, காற்றோட்டமான இடத்தில் சும்மா வைப்பதே மேல். காயும்வரை சார்ஜ் போடக் கூடாது. உங்கள் போனை நான் பிரித்தால் முதலில் பொன்னி அரிசி நொய்தான் விழும் என்று நினைக்கிறேன்.

கேள்வி: இரண்டு நாளாக ஒருவர் அழைப்பும் வரவில்லை. கூப்பிட்டவர்களைக் கேட்டால், மணி போகிறது, வேறு யாரோ எடுத்து இந்தியில் பேசிவிட்டு வைக்கிறார்கள் என்கிறார்கள். முந்தின நாள் கூரியரிலிருந்து என்று ஒருவர் பேசி ஏதோ நம்பர் அடிக்கச் சொன்னார்.
– வாசகர், மயிலாடுதுறை

பதில்: இந்தக் கடிதத்துக்கு மட்டும் அச்சில் வரும்வரை காத்திருக்காமல் உடனே கூப்பிட்டுச் சொல்லிவிட்டேன். மற்றவர்களுக்காக இங்கே.

போனில் கோளாறே இல்லை. ‘கால் ஃபார்வர்டு’ போடப்பட்டிருக்கிறது. பார்சல் வந்திருக்கிறது, டெலிவரி ஆளிடம் பேச *401* என்று ஆரம்பிக்கும் எண்ணை அடியுங்கள் என்பான் மோசடிக்காரன். அதற்குப் பின்னால் அவனுடைய நம்பரைச் சேர்த்துச் சொல்வான். அடித்த நொடியிலிருந்து உங்களுக்கு வரும் அழைப்பெல்லாம் அவனுக்குப் போகும். உங்கள் போன் அடிக்காது, பட்டியலில் மிஸ்டு காலும் இருக்காது. அவனுக்கு உங்கள் சொந்தக்காரர்களிடம் பேச ஆசை இல்லை. வாட்ஸ்அப்புக்கும் மற்றதுக்கும் குரல் அழைப்பில் ஓடிபி சொல்வார்களே, அது வேண்டும் அவனுக்கு. இந்த மோசடி பெருகியதால்தான், இப்படிக் குறியீடு அடித்து ஃபார்வர்டு போடும் வசதியை 2024 ஏப்ரல் 15 முதல் நிறுத்தி வைக்கச் சொல்லி கம்பெனிகளுக்குத் தொலைத்தொடர்புத் துறை உத்தரவு போட்டது. அதற்காக நாம் அசந்துவிட முடியாது, செட்டிங்ஸ் வழியாகவே போட வைக்கிற ஆளும் இருப்பான்.

போன் பேசும் ஆப்பைத் திறந்து, மூன்று புள்ளி, செட்டிங்ஸ், கால் ஃபார்வர்டிங் என்று போனால் நான்கு வரி இருக்கும்: எப்போதும், பிஸியாக இருந்தால், எடுக்காவிட்டால், தொடர்பு கிடைக்காவிட்டால். ‘எப்போதும்’ அணைந்திருக்க வேண்டும். மற்ற மூன்றில் நீங்கள் அறியாத பத்து இலக்க நம்பர் இருந்தால் அதையும் எடுங்கள். எடுக்க வரவில்லை என்றால் 198-க்குப் பேசி கம்பெனியிலேயே எடுக்கச் சொல்லுங்கள். பணம் போயிருந்தால் சைபர் மோசடிப் புகார் எண் 1930-க்குப் பேசுங்கள், அதுவும் தாமதிக்காமல்.

கேள்வி: எனக்கு வயது 79. போன் நன்றாக அடிக்கிறது. திண்ணையிலிருந்து எழுந்து கூடத்துக்குப் போய் எடுப்பதற்குள் நின்றுவிடுகிறது. பழைய வீட்டு போன் இப்படிச் செய்யாது.
– வாசகர், நன்னிலம்

பதில்: தாத்தா, நீங்கள் சொல்வது நூற்றுக்கு நூறு சரி. 2019 நவம்பரில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் வைத்த கணக்குப்படி, எடுக்காவிட்டால் செல்போனுக்கு 30 விநாடி மணி, வீட்டு போனுக்கு 60 விநாடி. செல்போன் கையிலேயே இருக்கும் என்று நினைத்திருப்பார்கள், கூடத்துச் சுவர் ஆணியில் பையோடு தொங்கும் என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்?

அந்த 30 விநாடியில் முதல் பத்து விநாடியையும் சில போன்கள் விழுங்கிவிடும். மணியை மெல்ல ஆரம்பித்துக் கூட்டிக்கொண்டே போகும் வசதி ஆன் ஆகியிருந்தால் அப்படித்தான், ரிங்டோன் பக்கத்தில் பார்த்து அணைக்கச் சொல்லுங்கள். வீணை, புல்லாங்குழல் என்று மெல்ல எழும் ராகத்தை எடுத்துவிட்டு, எடுத்த உடனே கணகணவென்று அடிக்கும் பழைய போன் மணியை வைத்துக்கொள்ளுங்கள். கேமரா விளக்கு பளிச் பளிச்சென்று மின்னும்படியும் வைக்கலாம், அது ‘ஆக்சஸிபிலிட்டி’ என்கிற பகுதியில் இருக்கும், பேரப்பிள்ளைகள் ஒரு நிமிடத்தில் செய்து கொடுப்பார்கள். வேட்டி மடிப்பில் வைத்துக்கொள்ளலாமே என்று சொல்ல வந்தேன், நன்னிலத்துப் பெரியவர் ஒருவர் மடிப்பிலிருந்து விழுந்து உடைந்த திரையைத்தான் இப்போது என் மேஜையில் மாற்றிக்கொண்டிருக்கிறேன். அந்த ஆணியைத் திண்ணைத் தூணுக்கு மாற்றி அடித்துவிடுங்கள்.